குப்பைத் தொட்டியை எண்ணிப் பார்த்தவள்

போன வாரம் கீர்த்தனா போன் செய்தாள். நான் கடைசியாக வேலை பார்த்த கம்பெனியில், வீடுகளுக்கு நர்ஸ்களையும் அட்டெண்டர்களையும் அனுப்புகிற கம்பெனியில், இப்போது பயிற்சி கொடுக்கிற பெண். சென்னைக்காரி, பாணேரில் குடியிருக்கிறாள்.

"சிவகாமி ஆன்ட்டி, ட்ரேக்கி ட்யூப் பத்தி ஒரு பத்து பாயின்ட் குடுங்களேன், ஸ்லைடு போடணும். இப்பல்லாம் சார்ட் கிடையாது, ஆப்தான். அட்டெண்டர் சக்ஷன் பண்ணிட்டு டிக் அடிச்சா பச்சை வந்துரும்" என்றாள்.

"டிக் அடிச்சவ நெசமாவே செய்தாளான்னு யாரு பாக்குறது?"

"ஆப் பாக்கும் ஆன்ட்டி."

எனக்கு எரிச்சலாக வந்தது. தொண்டையில் துளை போட்டு வைத்த மூச்சுக் குழாயை எப்படிச் சுத்தமாக வைத்துக்கொள்வது என்று பத்து பாயின்ட் எந்தப் புத்தகத்திலும் இருக்கிறது, அதற்கு நான் எதற்கு? அதனால் இதை எழுதுகிறேன். தமிழில் எழுதினால் கீர்த்தனா எழுத்துக் கூட்டித்தான் படிப்பாள். படிக்கட்டும். யாரையும் நம்பாமல் வேலை பார்த்தவள் என்று பேர் வாங்கிய நான், சுனிதா என்ற பெண்ணின் பிழைப்பைக் கெடுத்தேன். அதே கையால் ஒரு மனிதரின் மூச்சையும் நிறுத்தப் பார்த்தேன். இரண்டும் ஒரே வீட்டில், பத்து நாளுக்குள் நடந்தது.

நான் பாளையங்கோட்டையில் நர்ஸ் படிப்பு முடித்தவள். முடித்த கையோடு கல்யாணம். வீட்டுக்காரருக்கு இந்த மராட்டிச் சீமையில் கட்கிப் பக்கம் பாக்டரி வேலை, போபோடியில் ஒரு சந்துக்குள் ஒற்றை அறை. பக்கத்திலேயே ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் ஐசியூவில் ஆள் எடுத்தார்கள். மராட்டியில் தண்ணீருக்கும் மூச்சுக்கும் மட்டும் வார்த்தை தெரியும். அந்த இரண்டை வைத்துக்கொண்டே முதல் வருஷத்தை ஓட்டிவிட்டேன்.

அங்கே தலைமை நர்ஸ் பரூல்கர் சிஸ்டர். குரலை உயர்த்தவே மாட்டார். "செய்தாயா?" என்று யாரையும் கேட்கவும் மாட்டார். கேட்டால் செய்தேன் என்றுதானே சொல்லுவோம், அந்தப் பதிலை வைத்துக்கொண்டு அவர் என்ன செய்ய? நேரே நோயாளியிடம் போவார். கழுத்து நாடாவுக்குள் ஒரு விரலை விடுவார். ஒரு விரல் நுழைய வேண்டும், இரண்டு நுழையக் கூடாது. குழாய்க்கு அடியில் வைத்த துணியைத் தூக்கி மோந்து பார்ப்பார். பஞ்சில் ஒரு இழை பிய்த்துக் குழாய் வாயருகே பிடிப்பார். இழை உள்ளும் வெளியும் ஆடினால் காற்று போய்வருகிறது. அதன்பிறகுதான் சார்ட். சார்ட் பார்த்து முடித்ததும் குனிந்து குப்பைத் தொட்டியைத் திறப்பார்.

சளி உறிஞ்சுகிற கேதீட்டர் ஒவ்வொன்றும் தனித்தனிக் காகித உறையில் வரும். ஒரு தடவைக்கு ஒன்று. ஆறு தடவை உறிஞ்சினேன் என்று நீ எழுதியிருந்தால் தொட்டியில் ஆறு உறை கிடக்க வேண்டும். ஐந்துதான் கிடந்தால் சார்ட்டை உன் கையில் கொடுத்து "பரத் கர்" என்பார். திரும்பச் செய் என்று அர்த்தம். திட்டு கிடையாது, மேலே புகார் கிடையாது. அந்த இரண்டு வார்த்தைக்கு நாங்கள் நடுங்குவோம்.

ஒரு நாள் நானும் மாட்டினேன். சாப்பாட்டுக்குப் போகிற அவசரத்தில், செய்யாத ஒன்றைச் செய்ததாக எழுதிவிட்டேன். பரூல்கர் சிஸ்டர் தொட்டியை மூடிவிட்டு என் பக்கத்தில் வந்து நின்றார். "கையைக் கழுவு. ஆக்சிஜனை ஏற்று. அளந்து வைத்த நீளம்வரை விடு. உள்ளே போகும்போது உறிஞ்சாதே. வெளியே எடுக்கும்போதுதான் விரலால் துளையை மூடு, லேசாகத் திருகிக்கொண்டே எடு. அதுவரை நீயும் மூச்சைப் பிடித்துக்கொள். உனக்கு எப்போது முட்டுகிறதோ அப்போது அவனுக்கும் முட்டும்." நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு செய்தேன். வெட்கத்தில் கண்ணீரும் வந்தது. வேலையில் கடைசி நாள்வரை அப்படி மூச்சைப் பிடிக்காமல் ஒரு தடவைகூட நான் சளி எடுத்ததில்லை.

அவரிடம் பன்னிரண்டு வருஷம் இருந்தேன். தொட்டி எண்ணுவது முதலில் பழக்கமாக இருந்தது, அப்புறம் என் குணமே ஆகிவிட்டது. வீட்டில் காஸை மூன்று தரம் பார்ப்பேன். பால்காரனுக்கு எதிரிலேயே பாலை விரலில் தொட்டுப் பார்ப்பேன். "எமனே வந்தாலும் இவ ஐடி கார்டு கேக்காம கூடப் போகமாட்டா" என்று வீட்டுக்காரர் வருகிற விருந்தாளியிடமெல்லாம் சொல்லிச் சிரிப்பார். எனக்கு அதில் பெருமைதான்.

ஆஸ்பத்திரியில் ஓய்வு கொடுத்த பிறகு இந்தக் கம்பெனி என்னை மேற்பார்வைக்கு வைத்துக்கொண்டது. வாகட், பாணேர் என்று உயரமான கட்டடங்கள். பதினோராம் மாடியில் படுக்கையறையைப் பாதி ஐசியூவாக மாற்றியிருப்பார்கள். வாடகைக் கட்டில், சளி உறிஞ்ச வாடகை சக்ஷன் மெஷின், பன்னிரண்டு மணி நேரத்துக்கு ஒரு அட்டெண்டர். வாரத்தில் இரண்டு நாள் நான் போய் நாடாவுக்குள் விரல் விடுவேன், துணியை மோந்து பார்ப்பேன், தொட்டியை எண்ணுவேன். அட்டெண்டர் பெண்கள் எனக்கு வைத்திருந்த பேர் என்னவென்று எனக்குத் தெரியும், இங்கே எழுத மாட்டேன்.

வாகட்டில் கந்தசாமி ஐயா வீடு. கோயம்புத்தூர் மில்லில் மேஸ்திரியாக இருந்து ஓய்வு பெற்றவர். மகன் செந்தில் ஹிஞ்சேவாடியில் கம்ப்யூட்டர் வேலை பார்க்கிறான். மகனைப் பார்க்க வந்த இடத்தில் பக்கவாதம் வந்து, வலது கையும் காலும் விழுந்துவிட்டன. ஆஸ்பத்திரியில் ஒன்றரை மாதம் இருந்துவிட்டுக் கழுத்தில் குழாயோடு வீடு திரும்பியிருந்தார். மூச்சு கழுத்துக் குழாய் வழியாகவே போய்வந்துவிடுவதால் குரல் வராது. நினைவு தெளிவாக இருந்தது. இடது கை மட்டும் வேலை செய்யும்.

கதவைத் திறந்த அவர் மனைவி மரகதம் அம்மா, "வாங்க சிஸ்டர், நம்மூருப் பக்கங்களா? மொதல்ல ஒரு வாய் காப்பி குடிங்க" என்றதும் எனக்கு நெஞ்சு குளிர்ந்துவிட்டது. ஹிந்தியிலும் மராட்டியிலும் நாள் முழுக்கக் கத்திவிட்டு வருகிறவளுக்குத் தமிழில் ஒரு காப்பி கிடைத்தால் எப்படி இருக்கும்! பூஜை அலமாரியில் முருகன் படம், ஊரிலிருந்து வந்த கோயில் விபூதி ஒரு டப்பா நிறைய. ஐயா நெற்றியில் மூன்று கோடு, தொண்டையில் குழாய்க்கு மேலே மூன்று கோடு. நோய் எங்கே இருக்கிறதோ அங்கே பூசுவதுதானே நம் வழக்கம். பார்த்ததும் நல்ல மனுஷர்கள் என்று முடிவு கட்டிவிட்டேன். அந்த வீட்டில் நான் சந்தேகப்பட்டது ஒரே ஒரு ஆளைத்தான்.

அது சுனிதா, பகல் அட்டெண்டர். இரவில் மகன் செந்திலே பார்த்துக்கொள்வான். மராட்டிப் பெண், இருபத்தாறு வயது. போபோடியில் என் சந்துக்கு மூன்று சந்து தள்ளி வீடு. புருஷன் விட்டுவிட்டுப் போய்விட்டான். மாமியாரையும் பெண் குழந்தையையும் அவள் சம்பளம்தான் காப்பாற்றியது. இதெல்லாம் எனக்கு நன்றாகத் தெரியும். அவள் கை சுத்தமான கை, அதுவும் தெரியும். ஆனால் ஆறு மாதப் பயிற்சிதான், அடிக்கடி போனைப் பார்ப்பாள், கேட்டால் குழந்தை பள்ளிக்கூடத்திலிருந்து வந்துவிட்டதா என்று பார்த்தேன் என்பாள். நான் நம்பவில்லை.

முதல் மாதத்திலேயே குழாய் இரண்டு முறை அடைத்தது. குழாய்க்குள் ஒரு குழாய் இருக்கும். உள் குழாயைத் தினம் நாலு தரம் கழற்றிக் கழுவி, உலர்த்திப் போட வேண்டும். சளி காய்ந்து அடைத்தாலும் உள் குழாயை உருவினால் மூச்சு வந்துவிடும். அந்த இரண்டு முறையும் அப்படித்தான் தப்பித்தார். ஒரு முறை புதன் காலை, ஒரு முறை சனி காலை. உருவிய உள் குழாயில் கெட்டியாக, மணல் கலந்த மாதிரி ஒரு அடைப்பு. சரியாகக் கழுவாததால் நாள்பட்ட சளி இறுகியிருக்கிறது, செவ்வாயும் வெள்ளியும் இந்தப் பெண் ஏமாற்றுகிறாள் என்று கணக்குப் போட்டேன். செவ்வாய், வெள்ளி என்றால் தமிழ் வீட்டில் என்ன நாள் என்று என் மண்டையில் உறைக்கவே இல்லை.

சார்ட்டைப் புரட்டினேன். குறிப்பு எழுதும் கட்டத்தில் சுனிதா மராட்டியில் ஒரு வரி எழுதியிருந்தாள். "செவ்வாய் மாலை ராக். பிறகு இருமல் அதிகம்." ராக் என்றால் சாம்பல். விளக்கு வைத்ததும் மரகதம் அம்மா பூசுகிற விபூதியைத்தான் சொல்கிறாள் என்று படித்த உடனே புரிந்துவிட்டது. எனக்குச் சுருக்கென்றது.

அவளோடு நான் பேசுவது மராட்டியில், இங்கே தமிழில் எழுதுகிறேன்.

"இது சாம்பல் இல்லை, விபூதி. சாமி பிரசாதம். நீ பேஷண்ட்டைப் பத்தி எழுது, அவங்க பூஜையைப் பத்தி எழுதாதே."

"தாயி, அவங்க கையில வெச்சு ஊதுறாங்க தாயி..." என்று ஆரம்பித்தாள். தாயி என்றால் அக்கா.

"போதும்" என்றேன். சிவப்புப் பேனாவை எடுத்து அந்த வரியை அடித்து, பக்கத்தில் என் கையெழுத்தையும் போட்டேன்.

சமையலறையில் மரகதம் அம்மா குரலைத் தணித்து, "அந்தப் புள்ளைக்கு நம்ம சாமின்னா ஆகாதுங்க போல. விபூதி வெக்கப் போனா குறுக்க வந்து கையப் புடிக்குதுங்க" என்றார். எனக்கு அது போதுமானதாக இருந்தது.

அடுத்த புதன் காலை மறுபடியும் அடைத்தது. நான் பத்து மணிக்குப் போய்ச் சேர்ந்தபோது சுனிதாவே உள் குழாயை உருவி மூச்சை மீட்டிருந்தாள்.  நான் ஒரு நல்ல வார்த்தை சொல்லவில்லை, குனிந்து தொட்டியைத் திறந்தேன். நான் எண்ணாமல் தொட்டியைக் காலி செய்யக் கூடாது என்று அந்த வீட்டில் முன்பே சொல்லி வைத்திருந்தேன். முந்தின நாளிலிருந்து சார்ட்டில் ஒன்பது தடவை. தொட்டியில் ஐந்து உறை.

"மிச்சம் நாலு எங்கே?"

"கசரா எடுக்கிறவன் வந்தான் தாயி. ஆயி பொட்டலம் கட்டிக் குடுத்தாங்க." கசரா என்றால் குப்பை, ஆயி என்று அவள் சொன்னது மரகதம் அம்மாவை.

"மாட்டிக்கிட்டா எல்லாருக்கும் ஒரு கதை இருக்கும்" என்றேன். மரகதம் அம்மா பக்கத்து அறையில்தான் இருந்தார். நான் அவரைக் கூப்பிட்டுக் கேட்கவில்லை. அங்கேயே நின்று ஆபீசுக்குப் போன் செய்து, சார்ட்டில் பொய் எழுதுகிறாள், இவளை எங்கேயும் போடாதீர்கள் என்று சொன்னேன்.

சுனிதா அழவில்லை. ஐயாவின் வாயைத் துடைத்து, குழாய்மேல் போட்டிருந்த ஈரத் துணியை நனைத்துப் பிழிந்து சரியாகப் போட்டாள். "பாபா, யேதே" என்றாள். போய்விட்டு வருகிறேன் என்று சொல்லிப் பையை எடுத்துக்கொண்டாள். கந்தசாமி ஐயா இடது கையால் கட்டில் கம்பியை ஓங்கி ஓங்கித் தட்டினார். பக்கவாதக்காரர்களுக்குக் காரணமில்லாமல் கோபம் வரும் என்று செந்திலிடம் விளக்கம் சொன்னேன்.

நாலு நாள் செந்தில் லீவு போட்டுச் சமாளித்தான். மாற்று ஆள் கிடைக்காததால் திங்கள் முதல் பகல் வேலையை நானே ஏற்றுக்கொண்டேன். இனி எப்படி அடைக்கிறது பார்ப்போம் என்று ஒரு வீம்பு.

செவ்வாய் காலை ஒன்பது மணி இருக்கும். தற்செயலாகத் தொட்டியைப் பார்த்தேன். திங்கள் முழுக்க நான் போட்ட உறைகளில் பாதியைக் காணோம். எனக்குக் காது சூடாகிவிட்டது. மரகதம் அம்மாவைக் கூப்பிட்டேன்.

"தொட்டியில உள்ளதை எடுத்தியளா?"

"ஆமாங்க. கோழை பட்டதையெல்லாம் வெளக்கேத்துற வீட்டுல எப்படீங்க வெச்சுக்கறது? நீங்க எண்ணோணும்னு சொன்னீங்களே, அதான் பாதியக் குப்பைக்காரன்கிட்டக் குடுத்துட்டு பாதிய உங்களுக்கு விட்டு வெப்பேனுங்க" என்றார், எனக்கு உபகாரம் செய்த திருப்தியோடு.

நான் எண்ணுவதற்காகப் பாதி! சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. அந்த நிமிஷமே ஆபீசுக்குப் போன் செய்து, சுனிதா சொன்னது உண்மை என்று நான் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. தொட்டி விஷயத்தில் தப்பித்தாலும் குழாய் அடைத்தது அடைத்ததுதானே, அதற்கு என்ன பதில் வைத்திருக்கிறாள் என்று மனசு அடுத்த குற்றத்தைத் தேடிப் போயிற்று. நம்பாமல் இருப்பது ஒரு போதை, விடாது.

அன்று சாயங்காலம் விளக்கு ஏற்றியானதும் மரகதம் அம்மா விபூதித் தட்டோடு கட்டிலருகே வந்தார். கண்ணை மூடி ஏதோ முணுமுணுத்தார். அவர் மாமனார் சொல்லிக்கொடுத்த மந்திரமாம். முதலில் என் நெற்றியில் வைத்தார், நான் குனிந்து வாங்கிக்கொண்டேன். பிறகு ஐயாவின் நெற்றி. அடுத்தது தொண்டை. ஈரத் துணி இடைஞ்சலாக இருந்தது. நான்தான் அதை ஒரு பக்கமாகத் தூக்கிப் பிடித்தேன். அவர் பூசினார். பூசிவிட்டு, உள்ளங்கையில் மிச்சமிருந்ததை முகத்துக்கு நேராகப் பிடித்து மூன்று முறை ஊதினார். நம் வீடுகளில் குழந்தைக்குக் காய்ச்சல் என்றால் செய்வதுதான். ஐயாவின் இடது கை மேலே வந்து தள்ளப் பார்த்தது. அந்தக் கையைப் பிடித்து அமுக்கியவளும் நான்தான். "சாமி விபூதிதானே ஐயா, கொஞ்சம் பொறுத்துக்கிடுங்க" என்றேன். அவர் இருமினார். இருமியபின் ஆழமாக ஒரு மூச்சை உள்ளே இழுத்தார். நான் துணியைப் போட்டு மூடினேன்.

மறுநாள் காலை ஒன்பதரை. உள் குழாயை மாற்றுவதற்குத் தயாராகிக்கொண்டிருந்தபோது விசில் மாதிரி ஒரு சத்தம் கேட்டது. திரும்பினேன். அவர் கழுத்துக் குழி உள்ளே இழுத்தது, உதடு கறுத்தது. கேதீட்டரை விட்டேன், நாலு விரல் நீளம் போய் நின்றுவிட்டது. விரலில் மாட்டிய ஆக்சிமீட்டர் தொண்ணூறுக்குக் கீழே இறங்கிக்கொண்டிருந்தது. உள் குழாயைத் திருகி உருவப் பார்த்தேன். வரவில்லை. வெளிக் குழாயோடு சிமென்ட் வைத்ததைப்போல ஒட்டியிருந்தது. என் இத்தனை வருஷத்தில் உள் குழாய் வராமல் போனது அதுதான் முதல் தடவை.

"செந்தில்!" என்று கத்தினேன். காதில் மீட்டிங் ஹெட்செட்டோடு ஓடி வந்தான். ஆம்புலன்சுக்குச் சொல்லச் சொன்னேன். குழாயைச் சுற்றித் தொண்டைக்குள் ஊதி வைத்திருக்கும் பலூனின் காற்றை சிரிஞ்சால் இறக்கினேன். கையால் அமுக்கிக் காற்றடிக்கிற ஆம்பு பையை மாட்டி அமுக்கினேன், பை கல்லாக நின்றது. இனி ஒன்றுதான் பாக்கி. நாடாவை வெட்டி மொத்தக் குழாயையும் உருவ வேண்டும். உருவியபின் புதுக் குழாய் போகாவிட்டால் அவ்வளவுதான். என் மூச்சைப் பிடித்துக்கொண்டு உருவினேன். கழுத்தில் வெறும் துளை. தலைமாட்டில் எப்போதும் வைத்திருக்கும் மாற்றுக் குழாய்களில் ஒரு சுற்றுச் சின்னதை எடுத்து, வளைவு பார்த்து உள்ளே விட்டு, நடுவில் இருந்த கம்பியை உருவினேன். காற்று வந்ததா? ஒரு கணம் வரவில்லை. பிறகு ஒரு பெரிய இருமல், என் முகமெல்லாம் தெறித்தது. பஞ்சில் இழை பிய்த்துப் பிடித்தேன். ஆடியது. முருகா என்று தரையிலேயே உட்கார்ந்துவிட்டேன்.

ஆம்புலன்சில் வந்த டாக்டர் பார்த்துவிட்டு, குழாய் சரியாக இருக்கிறது, ஆஸ்பத்திரிக்கு வேண்டாம் என்று சொல்லிப் போனார். அப்புறம்தான் எனக்கு யோசிக்கவே முடிந்தது. யார் செய்தது? சுனிதா இல்லை. இரண்டு நாளாகக் குழாயைத் தொட்டது பகலில் நான், இரவில் என் எழுத்துப்படி ஒவ்வொன்றையும் செய்த செந்தில். என் தொட்டி, என் சார்ட், என் கை. சந்தேகப்பட வேறு ஆள் மிஞ்சவில்லை.

உருவிய குழாயை ஸ்டீல் தட்டில் போட்டிருந்தேன். பக்கத்தில் நான் குச்சியால் சுரண்டி எடுத்த அடைப்பு. எடுத்தபோது சளி நிறத்தில்தான் இருந்தது. இப்போது ஜன்னல் வெயிலில் காய்ந்து, ஓரமெல்லாம் வெளுத்திருந்தது. விபூதியைத் தண்ணீரில் குழைத்துப் பூசினால் முதலில் ஒன்றும் தெரியாது, காயக் காய வெள்ளையாக எழும்பும். சின்ன வயசிலிருந்து கண்ணாடியில் பார்த்த வெள்ளை அது. கையுறை போட்ட விரலால் நசுக்கினேன். நறநறவென்றது.

என் நெற்றியைத் தொட்டுப் பார்த்துக்கொண்டேன். அங்கேயும் காலையில் நானே வைத்துக்கொண்டது இருந்தது. பவுடர் போடாதே, சென்ட் அடிக்காதே, குழாய்ப் பக்கம் தூசி தட்டாதே என்று எத்தனை வீட்டில் கத்தியிருப்பேன்! விபூதியை ஒரு பொடி என்று என் கண் பார்க்கவே இல்லை. நம்முடையது அல்லவா. அதைப் பொடியாகப் பார்த்த ஒரே ஒரு ஆள், அதை எழுதியும் வைத்த ஒரே ஒரு ஆள், சுனிதா.

செந்திலைப் பால்கனிக்கு அழைத்துச் சொன்னேன். அவன் முகம் வெளிறிவிட்டது. "அம்மாட்ட சொல்லிராதீங்க சிஸ்டர். அவங்க தாங்க மாட்டாங்க. விபூதிய நான் ஏதாச்சும் சொல்லி நிறுத்திடறேன். அந்த அட்டெண்டர்தான் போயாச்சில்லீங்களா? அது அப்படியே இருக்கட்டுமே."

ஒளிக்காமல் எழுதுகிறேன், எனக்கும் அது பிடித்திருந்தது. அப்படியே இருந்தால் என் பேரும் தப்பிக்கும். சரி என்று சொல்ல வாயெடுத்தபோது மரகதம் அம்மா கதவருகே நின்றுகொண்டிருந்தார். கையில் காப்பித் தம்ளர்.

"அப்ப... நான்தானுங்களா?"

"நீங்க மட்டும் இல்லைம்மா" என்றேன். "துணியத் தூக்கினது நான், கையப் பிடிச்சது நான். அந்தப் பிள்ளை எழுதி வச்சதை அடிச்சதும் நான்தான்."

அவர் தம்ளரை வைத்துவிட்டுத் தரையில் உட்கார்ந்து வெகுநேரம் அழுதார். அழுது முடித்ததும், "அந்தப் புள்ளையக் கூட்டிட்டு வந்துருங்க சிஸ்டர்" என்றார். அதன்பின் அந்த வீட்டில் விபூதியைத் தண்ணீரில் குழைத்து நெற்றியில் மட்டும் வைத்தார்கள். குழாய் மறுபடி ஒருமுறைகூட அடைக்கவில்லை.

மறுநாள் சார்ட்டை எடுத்துக்கொண்டு போபோடியில் சுனிதாவைத் தேடிப் போனேன். ஒரு சின்னக் கடையில் பர்சான் என்கிற மிக்சரைப் பொட்டலம் கட்டிக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் எழுந்தாள்.

"பாபா கஸே ஆஹேத்?" ஐயா எப்படி இருக்கிறார் என்பதுதான் முதல் கேள்வி.

எல்லாவற்றையும் சொன்னேன். என் தப்பு என்று சொன்னேன்.  அவள் கையை நன்றாகத் துடைத்துக்கொண்டு சார்ட்டை வாங்கி, நான் சிவப்பில் அடித்த பக்கத்தைத் திருப்பினாள்.

"இங்கே எழுதுங்க தாயி."

கடைப் பலகையில் வைத்து எழுதினேன். "இந்தக் கோடு தவறு. சுனிதா எழுதியது சரி." மராட்டியில் எழுதிக் கையெழுத்துப் போட்டேன். அவள் அதைப் போனில் படம் பிடித்துக்கொண்டாள்.

"வா சுனிதா. நாளைக்கே வா. ஆபீஸ்ல நான் பேசுறேன்."

"நாஹி தாயி" என்றாள், வர மாட்டேன் என்று. கோபமாகக்கூடச் சொல்லவில்லை. "நான் பத்துத் தடவை செஞ்சாலும் நீங்க தொட்டியைத்தான் பாப்பீங்க. என்னைப் பாக்க மாட்டீங்க."

ஆபீசில் மேனேஜர், "விடுங்க மேடம், பேஷண்ட் நல்லாத்தானே இருக்காரு" என்றார். நான் விடவில்லை, எழுத்தில் கொடுத்து, அவள் பேரில் இருந்த புகாரை எடுக்க வைத்துவிட்டுத்தான் நாற்காலியிலிருந்து எழுந்தேன். அந்தப் படத்தைக் காட்டித்தான் வேறொரு கம்பெனியில் அவளுக்கு வேலை கிடைத்தது என்று பிறகு கேள்விப்பட்டேன். அவள் நேரில் சொல்லவில்லை.

ஒன்றரை மாதம் கழித்து, ஐயா பேசிப் பார்க்கலாம் என்று டாக்டர் அனுமதி கொடுத்தார். பலூனை இறக்கிவிட்டு, குழாய் வாயை விரலால் மூடினால் மூச்சு மேலே ஏறிக் குரல் வரும். அதுவரை சின்னக் குழாயோடு நன்றாகத் தேறியிருந்தார். கட்டிலைச் சுற்றி எல்லோரும் நின்றோம். செந்தில் போனில் வீடியோ எடுக்கத் தயாராக இருந்தான். மரகதம் அம்மா புதுப்புடவை கட்டியிருந்தார், தன் பேரைத்தான் சொல்வார் என்று அவருக்கு ஆசை. நான் ஐயாவின் இடது கை ஆள்காட்டி விரலைப் பிடித்து, குழாய் வாயில் வைத்து, எப்படி மூடுவது என்று காட்டிக்கொடுத்தேன்.

முதலில் வெறும் காற்று வந்தது. அப்புறம் கரகரவென்று ஒரு சத்தம். அவர் மனைவியைப் பார்க்கவில்லை, மகனைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார்.

"அந்தப் புள்ளைய... வெளிய அனுப்பிச்சது... நீங்கதானுங்களே?"

"ஆமாங்க ஐயா" என்றேன்.

 அவர் விரலைக் குழாயிலிருந்து எடுத்துவிட்டார். அந்த மாதம் முடிகிறவரை நான் அந்த வீட்டுக்குப் போய்வந்தேன். எல்லோரிடமும் பேசினார். என்னைக் கண்டால் மட்டும் விரலைத் தூக்கவே இல்லை.